காட்சிக்கு ஒரு படம், சாட்சிக்கு ஒரு படம்

விருத்தாசலம் விருத்தகிரீசுவரர் கோயிலில் தேவகோட்டம் ஒன்றில் நின்றிருந்த அர்த்தநாரீசுவரர் கற்சிலை 2002 வாக்கில் களவு போனது. 2004இல் அதை விலைக்கு வாங்கியது சிட்னியில் உள்ள நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடம். விற்றவர் நியூயார்க்கில் கலைப்பொருள் வணிகம் நடத்திய சுபாஷ் கபூர். சிலை நெடுங்காலமாகத் தனியார் வசம் இருந்தது என்று காட்டும் தாள்களும் கூடவே கைமாறின. அந்தத் தாள்கள் செல்லாமல் போனதற்குப் பழைய புகைப்படம்தான் காரணம். புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தார் களவுக்குப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே விருத்தாசலம் வந்து, கோட்டத்தில் நின்ற நிலையிலேயே அந்தச் சிலையைப் படமெடுத்து, எண் போட்டு வைத்திருந்தார்கள். படத்தில் இருந்த சிலையும் சிட்னியில் இருந்த சிலையும் ஒன்று என்பதை மறுக்க முடியவில்லை. 2014 செப்டம்பர் 5 அன்று ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபோட் தில்லியில் இந்தச் சிலையையும் அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தான் கோயிலின் நடராசர் செப்புத்திருமேனியையும் ஒப்படைத்தார்.

பிரெஞ்சு நிறுவனம் 1955இல் தொடங்கப்பட்டது. மறு ஆண்டே தென்னிந்தியக் கோயில்களைப் படமெடுத்துச் சேர்க்கும் வேலையில் இறங்கியது. அந்தத் தொகுப்பில் இன்று ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட படங்கள் இருக்கின்றன. பெரும்பாலானவற்றைப் பார்த்தால் ஒரு ஒளிப்பதிவாளர் முகம் சுளிப்பார். கோட்டத்துக்கு நேரே நின்று எடுத்தது, ஒளியில் நாடகம் இல்லை, மேகம் இல்லை, விளக்கேற்றும் கிழவி இல்லை. சிலை, அதன் பீடம், இரு பக்கத்துத் தூண், அவ்வளவுதான். எந்த ஊர், எந்தக் கோயில், எந்தச் சுவர் என்ற குறிப்பு மட்டும் தவறாமல் இருக்கும். யாரும் கைதட்டுவதற்காக எடுத்த படங்கள் அல்ல. ஆனால் களவு வழக்கில் பேசியவை அவைதான். ஆஸ்திரேலிய ஒலிபரப்புக் கழகத்தின் ‘ஃபோர் கார்னர்ஸ்’ நிகழ்ச்சி 2014இல் நடராசர் விவகாரத்தை விசாரணைப் படமாக ஒளிபரப்பிப் பெரும் பரபரப்பை உண்டாக்கியது உண்மை. ஆனாலும், இப்படி ஒரு பழைய படம் கையில் இல்லாதிருந்தால் எந்தப் பரபரப்பும் ‘இது எங்கள் ஊர்ச் சிலை’ என்று நிரூபித்திருக்காது.

வரலாறு, தொல்லியல், மரபு ஆகியவற்றைப் படமெடுக்கும் ஆவணப்படக்காரர்களைப் பற்றிய இந்தக் கட்டுரைக்கு, விருத்தாசலத்தையும் உள்ளடக்கிய கடலூர் மாவட்டத்தைக் களமாக எடுத்துக்கொண்டதற்கு ஒரு காரணம் உண்டு. இந்த மாவட்டத்தில் ஒரு முனையில் சிதம்பரம் இருக்கிறது. கேமராவை எந்தப் பக்கம் திருப்பினாலும் அழகு. மறுமுனையில் தேவனாம்பட்டினம், காரைக்காடு, மருங்கூர். வரலாறு நிறைய; கண்ணுக்குக் காட்ட ஏதுமில்லை. ஒருவர் வரலாற்றைப் படமெடுக்கிறாரா, வரலாற்றின் முன்னால் நின்று அழகைப் படமெடுக்கிறாரா என்பது இந்த இரண்டு முனைகளுக்கும் போனால் தெரிந்துவிடும்.

சிதம்பரத்திலிருந்தே தொடங்கலாம். கோயிலைப் பற்றி எத்தனை படங்கள் வந்திருந்தாலும் அவற்றில் ஒரு காட்சி மட்டும் மாறுவதில்லை. கோபுரத்தின் அடியிலிருந்து கேமரா மெல்ல மேலே ஏறும். சுதைச் சிற்பங்கள் கடந்துபோகும். கலசத்தில் வெயில் தெறிக்கும். பின்னணியில் நாகசுரம். கேமரா ஏறத் தொடங்கிய இடத்திலேயே, வாசலின் உட்புறச் சுவரில், அரை இருட்டில் இருக்கும் வரிசைதான் உலகத்து நடன வரலாற்றுக்கு மிக முக்கியமானது. நாட்டிய சாஸ்திரம் வரையறுக்கும் 108 கரணங்களை அங்கே ஒன்றன்மேல் ஒன்றாகச் செதுக்கியிருக்கிறார்கள். கிழக்கு, மேற்குக் கோபுரங்களில் ஒரு படி மேலே போய், அந்தந்தக் கரணத்துக்குரிய சாஸ்திர வரியையும் கிரந்த எழுத்தில் பக்கத்திலேயே வெட்டியிருக்கிறார்கள். படமும் அதற்கான விளக்கக் குறிப்பும் ஒரே கல்லில். செதுக்கியவர்களுக்கு ஆவணப்படுத்துவது என்றால் என்னவென்று தெரிந்திருந்தது.

இந்த வரிசையை வெளியுலகத்துக்கு எடுத்துச் சென்றது சுற்றுலாப் படமோ கலைப்படமோ அல்ல. 1914ஆம் ஆண்டின் சென்னைக் கல்வெட்டுத் துறை அறிக்கை. நடனத்தோடு எந்தத் தொடர்பும் இல்லாத அரசாங்க ஆண்டறிக்கை அது. கல்வெட்டுகளைப் படியெடுக்கப் போனவர்கள், எழுத்தோடு சேர்ந்து நிற்கும் உருவங்களையும் விடாமல் பதிந்தார்கள். அதில் வெளியான 93 உருவங்களை வைத்துக்கொண்டுதான் 1926இல் பரோடாவிலிருந்து ராமகிருஷ்ண கவி பதிப்பித்த நாட்டிய சாஸ்திரத்தின் முதல் தொகுதி கரணங்களுக்குப் படம் போட்டது. 1936இல் ‘தாண்டவ லட்சணம்’ என்ற ஆங்கில நூல் வந்தது. அதன் ஆசிரியர் மூவரில் ஒருவரான பி. வி. நாராயணசாமி நாயுடு, அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பொருளாதாரப் பேராசிரியர்! பல்கலைக்கழகம் தொடங்கி அப்போது ஏழே ஆண்டுகள். நடனம் ஆடுவதே மானக்கேடு என்று ஊரெல்லாம் பேசிக்கொண்டிருந்த காலத்தில், பக்கத்துக் கோயிலின் கரணச் சிற்பங்களை முறையாகப் படமெடுத்து மூலத்தோடு ஒப்பிட்டு அச்சிட்டதை இன்று நினைத்தாலும் வியப்பாக இருக்கிறது.

இந்தப் பதிவுகளின் மேல்தான் அடுத்த தலைமுறை நின்றது. நடனக் கலைஞர் பத்மா சுப்ரமணியத்தின் கரண ஆய்வு பலருக்கும் தெரிந்ததுதான். ஆனால் அவர் வந்த குடும்பத்தை இந்த ஆய்வோடு சேர்த்துப் பார்த்தவர்கள் குறைவு. அவர் ‘தியாகபூமி’ எடுத்த இயக்குநர் கே. சுப்ரமணியத்தின் மகள். அதுவரை கரணத்தை ஒரு நிலையாகவே பலரும் கண்டார்கள்: கை இங்கே, கால் அங்கே, இடுப்பு இப்படி. அது நிலை அல்ல, ஓர் அசைவு. சிற்பி அந்த அசைவின் ஒரு கணத்தைத்தான் கல்லில் நிறுத்தியிருக்கிறான் என்று அவர் வாதிட்டார். தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் மேல்தளச் சுற்றில் 81 கரணங்கள் முடிந்த நிலையில் இருக்கின்றன. கும்பகோணம் சார்ங்கபாணி கோயிலில் இன்னொரு வரிசை. ஜாவாவின் பிரம்பனானில் மற்றொன்று. ஒரே கரணத்துக்கு ஓர் ஊரில் ஒரு கணம், மற்றோர் ஊரில் வேறு கணம். எல்லாவற்றையும் அடுக்கினால் அசைவு மீண்டுவிடும். படத்தொகுப்பு மேசையில் துண்டு துண்டாகக் கிடக்கும் படச்சுருளை ஒட்டி ஓடவிடுவதற்கும் இதற்கும் அதிக வித்தியாசம் இல்லை. சினிமாக்காரர் வீட்டில் வளர்ந்ததால்தான் அவருக்கு இது தோன்றியது என்று சாதிக்க என்னிடம் ஆதாரம் இல்லை, ஊகம்தான். ஆனால் தூர்தர்ஷனில் பதின்மூன்று பகுதிகளாக அவர் வழங்கிய ‘பாரதீய நாட்டிய சாஸ்திர’த்தைப் பார்த்தவர்கள் இந்த ஊகத்தை ஒரேயடியாகத் தள்ளிவிட மாட்டார்கள். கல்லில் நிற்கும் உருவத்தையும் அதே கரணத்தை ஆடும் உடலையும் அடுத்தடுத்துக் காட்டும்போது, ஒரு புத்தகம் நூறு பக்கத்தில் சொல்லவேண்டியதைத் திரை அரை நிமிடத்தில் சொல்லிவிடுகிறது. ஆவணப்படத்துக்கே உரிய பலம் அதுதான். நாகசுரத்தோடு கோபுரம் ஏறுவதில் அந்தப் பலம் இல்லை.

பத்மாவின் அண்ணன் எஸ். கிருஷ்ணசாமி வேறு பாதையில் போனார். இந்திய சினிமாவின் முதல் முறையான வரலாற்று நூலை 1963இல் எரிக் பார்னோவுடன் சேர்ந்து எழுதியவர். 1970களில் ‘சிந்துவெளி முதல் இந்திரா காந்தி வரை’ என்று நான்கு மணிநேர ஆவணப்படம் எடுத்தார். அதை வார்னர் பிரதர்ஸ் நிறுவனம் உலகம் முழுக்க விநியோகித்தது. சென்னையில் உட்கார்ந்து ஐயாயிரம் ஆண்டுகளை நான்கு மணிநேரத்தில் அடக்கத் துணிந்த அந்தக் காலத்து நம்பிக்கையைப் பாராட்டத்தான் வேண்டும். அதிலுள்ள ஆபத்தையும் சொல்ல வேண்டும். அப்படி ஒரு வேகத்தில் ஓடும் படத்தில் எந்த ஊருக்கும் ஒன்றிரண்டு நிமிடத்துக்கு மேல் கிடைக்காது. கிடைக்கிற நேரத்தில் எந்த இயக்குநரும் கோபுரத்தைத்தான் காட்டுவார், கோபுர வாசலின் உள்சுவரை அல்ல.

பின்னாளில் அவர் தூர்தர்ஷனுக்காக எடுத்த ‘இந்தியன் இம்ப்ரின்ட்ஸ்’ தொடர் தென்கிழக்காசியாவில் இந்தியப் பண்பாட்டின் தடங்களைத் தேடிப் போனது. கம்போடியா, ஜாவா, வியட்நாம் என்று அங்கெல்லாம் கிடைப்பவை காட்சிக்குப் பஞ்சமில்லாத இடங்கள். அதே உறவுக்குச் சிதம்பரத்திலேயே ஒரு சாட்சி இருக்கிறது. சோழ மன்னன் முதலாம் குலோத்துங்கனின் சகோதரி குந்தவை தந்த கொடைகளைச் சொல்லும் தில்லைக் கல்வெட்டு ஒன்று, கம்போஜ அரசன் குலோத்துங்கனுக்குக் காட்சிப்பொருளாகக் காட்டிய ஒரு கல்லைப் பற்றியும் பேசுகிறது. அரசனின் ஆணைப்படி அந்தக் கல்லைத் தில்லை அம்பலத்தின் முன்பக்க வரிசையில் பதித்தார்களாம். ஆண்டு 1114. அங்கோர்வாட் எழும்பத் தொடங்கிய காலத்தை ஒட்டி அங்கிருந்து ஒரு கல் கடல் கடந்து கொள்ளிடக்கரை நாட்டுக்கு வந்திருக்கிறது. அங்கோர்வாட்டின் கோபுரங்களை டிரோனில் சுற்றிச்சுற்றிக் காட்டும் படங்களுக்கு நடுவே இந்த இரண்டு வரிக் கல்வெட்டைக் காட்டி, அதை எழுத்துக் கூட்டிப் படித்துக் காட்டும் ஒரு படம் வந்தால் நான் காசு கொடுத்துப் பார்ப்பேன்.

வெளிநாட்டவரில் சிதம்பரத்தோடு நெருங்கிப் பழகிய ஆவணப்படக்காரர் மைக்கேல் வுட். 1948இல் மான்செஸ்டரில் பிறந்தவர். டிராய் நகரத்தைத் தேடி, அலெக்சாண்டரின் வழியைத் தேடி என்று அவர் பிபிசிக்கு எடுத்த தொடர்கள் புகழ்பெற்றவை. கையில் ஒரு பழைய நூலை வைத்துக்கொண்டு அதில் சொன்ன பாதையில் கால்நடையாகவும் பேருந்திலும் போவது அவர் பாணி. இந்தியாவைப் பற்றி 2007இல் ஆறு பகுதிகளாக வந்த அவருடைய தொடரில், முதல் பகுதியிலேயே மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் மரபணு ஆய்வாளர் பேராசிரியர் பிச்சப்பனைச் சந்திக்கிறார். நான்காம் பகுதியில் சோழர்களும் தஞ்சையும் வருகிறார்கள். மரபணுவிலிருந்து வார்ப்புச் சிலை வரை தமிழ்நாட்டுக்கு இந்த அளவு இடம் கொடுத்த உலகத் தொலைக்காட்சித் தொடர் வேறு உண்டா என்பது சந்தேகம்.

ஆனால் வுட்டின் சிறந்த தமிழ்நாட்டுப் பதிவு எந்தத் தொலைக்காட்சித் தொடரிலும் இல்லை. அது 1995இல் அவர் எழுதிய ‘முருகனின் புன்னகை’ என்ற பயண நூலில் இருக்கிறது. சிதம்பரத்துக் குடும்பம் ஒன்றோடு ஏற்பட்ட நட்பு, அவர்களோடு வீடியோ பஸ்ஸில் கோயில் கோயிலாகத் திருச்செந்தூர் வரை போன யாத்திரை, இவைதான் நூலின் உயிர். வீடியோ பஸ் இன்றைய இளைஞர்களுக்குத் தெரிந்திருக்காது. எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் நெடுந்தூரப் பயணத்தில் முன் இருக்கைக்கு மேலே டிவியைக் கட்டி, ராத்திரியெல்லாம் அலறவிட்டுக்கொண்டு ஓடிய பஸ். உலகமெங்கும் கேமராவோடு அலைந்த ஒருவர், பக்திப் பயணத்தில் டிவிக்குக் கீழே உட்கார்ந்து போகிறார். கோயிலில் அவர் கண்ட சிற்பங்களைவிட, பயணத்தில் பெண்கள் பேசிக்கொண்டதும், சோறு கட்டி வந்ததும், வேண்டுதல்களும் நூலில் நிறைய இடம் பிடிக்கின்றன. ஓர் ஆவணப்படம் ஊருக்கு வந்து சில நாளில் போய்விடும். இந்த நூலுக்குப் பின்னால் பல ஆண்டு உறவு இருக்கிறது. அவர் கேமரா இல்லாமல் இருந்தபோதுதான் அதிகம் பார்த்தார் என்று சொன்னால் அவரே மறுக்க மாட்டார் என நினைக்கிறேன்.

வுட்டோடு எனக்கு ஒரு சச்சரவும் உண்டு. உயிரோடு இருக்கும் கடைசிச் செவ்வியல் நாகரிகம் தமிழர்களுடையது என்ற கருத்தை அவர் எழுத்திலும் பேச்சிலும் திரும்பத்திரும்ப வைப்பார். நமக்குக் கேட்க இனிக்கும். மேடைதோறும் நாமும் சொல்லிக்கொள்கிறோம். ஆனால் தொன்மை தொடர்கிறது என்று மட்டும் பார்க்கும் கண்ணுக்கு, அந்தத் தொன்மையின் மேல் நடக்கும் சண்டை தெரிவதில்லை. சிதம்பரம் கோயிலில் சிற்றம்பல மேடையில் தேவாரம் பாட அரசு 2008இல் ஆணை போட வேண்டியிருந்தது. கோயில் நிர்வாகம் யாருக்கு என்ற வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 2014 ஜனவரியில் கோயில் பூசகர்களான பொது தீட்சிதர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. கனகசபையில் ஏறி வழிபடப் பக்தர்களுக்கு அனுமதி தந்து 2022 மே மாதம் இன்னோர் அரசாணை. இவற்றையெல்லாம் படமெடுத்தது யார்? மரபுப் படம் எடுக்கிறவர்கள் அல்ல. உள்ளூர்ச் செய்தித் தொலைக்காட்சி நிருபர்கள். வெயிலில் ஆடிக்கொண்டே எடுத்த, போலீஸ் தள்ளுமுள்ளும் கோஷமும் கலந்த அந்தக் காட்சிகள் நாளைக்குச் சிதம்பரத்தின் வரலாற்றை எழுதுகிறவருக்குக் கோபுரக் காட்சிகளைவிட ஆயிரம் மடங்கு தேவைப்படும்.

கடலூருக்குப் போவோம். தேவனாம்பட்டினத்தில் செஞ்சி மராத்தியரிடமிருந்து 1690இல் ஆங்கிலேயர் ஒரு கோட்டையை வாங்கினார்கள். கோட்டையோடு சேர்த்து, அங்கிருந்து பீரங்கி சுட்டால் குண்டு போய் விழும் தூரம் வரையிலான ஊர்களும் அவர்களுக்கு. அந்த ஊர்களுக்குக் குண்டு கிராமங்கள் என்று பெயர். நிலத்தை அளக்கச் சங்கிலிக்குப் பதில் பீரங்கி! செயின்ட் டேவிட் கோட்டை என்று பெயர் மாறிய அந்த இடம், 1746இல் சென்னை பிரெஞ்சுக்காரர் வசமானதும் சோழமண்டலக் கரையில் ஆங்கிலேயரின் தலைமையிடமாகி, 1752 வரை அப்படியே இருந்தது. ராபர்ட் கிளைவ் 1756இல் இங்கே துணை ஆளுநர். 1758இல் பிரெஞ்சுத் தளபதி லாலி கோட்டையைப் பிடித்து இடித்தார். இன்று கெடிலம் கடலில் கலக்கும் பகுதியில் சில கட்டடச் சிதைவுகள் மட்டும் மிச்சம். பக்கத்து சில்வர் பீச்சில் மாங்காய் பத்தை தின்றபடி நடக்கும் கூட்டத்துக்கு அப்படி ஒரு கோட்டை இருந்ததே தெரியாது.

இதை எப்படிப் படமெடுப்பது? வழக்கமான விடை, கோட்டையைக் கணினியில் எழுப்பிக் காட்டுவது. பணம் இருந்தால் சிவப்புச் சட்டைச் சிப்பாய்களையும் ஓடவிடுவது. பார்வையாளருக்குப் பிடிக்கும், மறுப்பதற்கில்லை. ஆனால் குண்டு கிராமங்கள் என்ற ஒரே விஷயத்தை எடுத்துக்கொண்டு, பழைய நிலப்படத்தோடு ஊர் ஊராக எல்லையைச் சுற்றி நடந்து, அந்த ஊர்களில் இன்று நிலம் யாரிடம் இருக்கிறது, அவர்கள் தாத்தாக்கள் யாருக்குத் தீர்வை கட்டினார்கள் என்று கேட்டுக்கொண்டே போகும் படத்துக்குக் கணினிச் செலவே இல்லை. பரங்கிப்பேட்டைக்கும் இது பொருந்தும். 1781 ஜூலை முதல் தேதி ஹைதர் அலியும் ஆங்கிலேயத் தளபதி அயர் கூட்டும் மோதிய களம் அது. 1830களில் ஜோசையா ஹீத் சேலத்து இரும்புத் தாதைக் கொண்டுவந்து உருக்காலை நடத்திய ஊரும் அதுவே. இரண்டுக்கும் இன்று பெரிய சின்னம் கிடையாது.

இன்னும் கீழே, மண்ணுக்குள் போனால் நிலைமை மேலும் சிக்கல். கடலூரிலிருந்து வடக்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டரில் அரிக்கமேடு. 1945இல் அங்கே தோண்டிய மார்ட்டிமர் வீலர் பின்னாளில் இங்கிலாந்து திரும்பி, தொலைக்காட்சியின் முதல் தொல்லியல் நட்சத்திரமானார். பொருளைக் கையில் கொடுத்து ‘இது என்ன, எந்த ஊர், எந்தக் காலம்’ என்று அறிஞர்களைத் திணறவைக்கும் பிபிசி நிகழ்ச்சி 1952இல் தொடங்கியது. மீசையை முறுக்கிக்கொண்டு விடை சொன்ன வீலரை 1954இல் ஆண்டின் தொலைக்காட்சி ஆளுமையாகவே தேர்ந்தெடுத்தார்கள். அரிக்கமேட்டைப் பற்றியும் அவர் சொன்ன கதை அதே நாடகத்தன்மை கொண்டது: சென்னை அருங்காட்சியக அலமாரியில் ஓர் ஆம்போரா மதுச்சாடித் துண்டைக் கண்டது, அங்கிருந்து புதுச்சேரிக்கு ஓடியது, ரோமானிய வணிகத் தளத்தைக் கண்டுபிடித்தது.

அந்தக் கதை நாற்பது ஆண்டு நிலைத்தது. 1989 முதல் 1992 வரை தொல்லியலாளர் விமலா பெக்லி அங்கே மீண்டும் தோண்டி, ரோமானியர் வருவதற்கு முன்பே அது உயிர்ப்புள்ள உள்ளூர்க் குடியிருப்பு என்று காட்டினார். இங்கே கவனிக்க வேண்டியது வேறொன்று. பெக்லியால் வீலரை மறுக்க முடிந்ததற்கு வீலரே ஒரு காரணம். மண்ணடுக்கு வரைபடங்கள், அளவுகோல் வைத்து எடுத்த குழிப் படங்கள், பானை ஓட்டுப் பட்டியல் எல்லாவற்றையும் அவர் மறு ஆண்டே அச்சிட்டுவிட்டார். தொல்லியல் படமெடுப்பில் வீலர் ஒரு வெறியர். குழிச்சுவரில் ஒரு புல்கூட நீட்டிக்கொண்டிருக்கக் கூடாது. கதை பிழையானாலும் பதிவு சரியாக இருந்ததால் அடுத்தவர் திருத்த முடிந்தது. நட்சத்திரமாக மின்னியவரே சாட்சிப் படத்தின் அருமை தெரிந்தவராகவும் இருந்தது நமக்கு நல்லதாகப் போயிற்று.

அரிக்கமேட்டின் இந்தப் புகழில் பத்தில் ஒரு பங்குகூடக் கடலூருக்குத் தெற்கே உள்ள காரைக்காட்டுக்கு வரவில்லை. அங்கும் 1960களில் தோண்டி ரௌலட்டட் வகைப் பானை ஓடுகளையும் ஆம்போராத் துண்டுகளையும் மணிகளையும் எடுத்தார்கள். அதை அடுத்த குடிகாடு இன்று சிப்காட் தொழிற்பேட்டை வளாகத்து ஊர் என்றுதான் அறியப்படுகிறது. ரசாயன நெடி பற்றிய செய்தியில்தான் பெயர் வரும். ஈராயிரம் ஆண்டுக்கு முன் கடல்வணிகத் தொழில் நடந்த கரையில் இன்று வேறு தொழில் நடக்கிறது. இதைவிடப் படத்துக்கு ஏற்ற பொருள் எது? இருந்தும் யாரும் அங்கே டிரோனைப் பறக்கவிட்டதாகத் தெரியவில்லை.

பண்ருட்டிப் பக்கத்து மருங்கூருக்கு அந்த அதிர்ஷ்டம் கிடைத்தது. தமிழ்நாடு தொல்லியல் துறை 2024 ஜூன் 18 அன்று தொடங்கிய எட்டு அகழாய்வு இடங்களில் கீழடி, வெம்பக்கோட்டையோடு மருங்கூரும் ஒன்று. முந்திரித் தோப்பு மண்ணுக்குள்ளிருந்து ரௌலட்டட் ஓடுகள் வந்தன. ராஜராஜன் காலத்துச் செப்புக்காசும் வந்தது. காசு கிடைத்த செய்தி அன்றைக்கே கைப்பேசிகளில் சுற்றியது. ராஜராஜன் பெயர் இருந்தால் போதும், நம்மூரில் எதுவும் பரவும். ஆனால் மருங்கூரின் முக்கியத்துவம் சோழன் காசில் இல்லை. கெடிலக்கரை நாட்டின் உள்பகுதியில் ஈராயிரம் ஆண்டுக்கு முன்னால் வாழ்ந்தவர்கள் கடற்கரை வணிகத்தோடு எப்படிச் சேர்ந்திருந்தார்கள் என்பதில் இருக்கிறது. அதற்கு விடை சொல்வது ஓர் ஓட்டுச்சில்லு அல்ல, எந்த ஓடு எந்த மண்ணடுக்கில் எதற்கு மேலே கிடந்தது என்பது. அதைக் காட்டும் படம் பார்க்கச் சலிப்பாகத்தான் இருக்கும்.

இந்தச் சலிப்பைத் தாங்க முடியாமல் போனால் என்ன ஆகும் என்பதற்குப் பல்கேரியாவைப் பார்க்கலாம். அந்த நாட்டின் மண்ணில் தங்கம் கிடைக்கிறது. 1972இல் வர்னாவில் கிடைத்த கல்லறைத் தங்கம், மனிதர் செய்த தங்கப் பொருள்களில் மிகப் பழையவற்றுள் ஒன்று. திரேசியர்களின் மண்மேடுகளைத் தோண்டிய கியோர்கி கித்தோவ் 2004இல் ஷிப்கா அருகே தங்க முகமூடி ஒன்றைக் கண்டெடுத்து உலகத் தொலைக்காட்சிகளில் நாயகனானார். மேடுகளை வேகமாகத் திறக்க மண்வாரி எந்திரம் பயன்படுத்துகிறார் என்று சக ஆய்வாளர்கள் கடுமையாகக் குறைகூறினார்கள். முகமூடி இன்றும் மின்னுகிறது. எந்திரம் வாரிக் கொட்டிய மண்ணில் என்னென்ன அடுக்குகள் இருந்தன என்று இனி யாராலும் சொல்ல முடியாது. அதே நாட்டில் கரனோவோ என்ற ஊரின் குடியிருப்பு மேடு தங்கத்துக்குப் பெயர்போனதல்ல. பால்கன் பகுதியின் தொல்பழங்காலக் காலவரிசைக்கே அதன் மண்ணடுக்குதான் அடித்தளம். எந்தத் தொலைக்காட்சி அதைத் தேடிப் போகும்? கடலூர் மண்ணில் தங்கம் கிடைக்காததை ஒரு வகையில் நல்லதென்றே எடுத்துக்கொள்ளலாம்.

எடுத்ததை எங்கே வைப்பது என்பது இன்னும் பெரிய தலைவலி. தமிழ் ஆவணப்படத்தின் முன்னோடி ஏ. கே. செட்டியார் காந்தியைப் பற்றிய படத்துக்காக 1937 முதல் உலகம் சுற்றி, சுமார் நூறு ஒளிப்பதிவாளர்கள் முப்பது ஆண்டுகளில் எடுத்த 50,000 அடிச் சுருளைத் தேடிச் சேர்த்து, 12,000 அடிப் படமாக 1940இல் சென்னையில் வெளியிட்டார். அவர் புதிதாகப் படமெடுத்ததைவிட மற்றவர் எடுத்துப் போட்டிருந்ததைத் தேடியதே அதிகம். சுருள்கள் பத்திரமாக இருந்த இடங்களில் அவருக்குப் படம் கிடைத்தது. ஆனால் அவர் எடுத்த தமிழ்ப் படமே பின்னாளில் கைக்குக் கிடைக்காமல் போயிற்று; ஆங்கில வடிவம் ஒன்று பல பத்தாண்டுகள் கழித்து அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கிடைத்தது. தேடிச் சேர்த்தவருக்கே இந்தக் கதி.

மருங்கூர்க் குழிகளைத் துறையும் படமெடுத்தது, தொலைக்காட்சிகளும் யூடியூப் இளைஞர்களும் படமெடுத்தார்கள். வெளியே வந்தது சில நிமிடங்கள். மிச்சமிருக்கும் வெட்டப்படாத மணிக்கணக்கான காட்சிகள், எந்தக் குழி, எந்த நாள், எத்தனை ஆழம் என்ற குறிப்போடு ஓரிடத்தில் சேர வேண்டும். கரணச் சிற்பங்களை 1936இலேயே படமெடுத்து அச்சிட்ட பேராசிரியர்கள் இருந்த பல்கலைக்கழகம் அங்கிருந்து ஒன்றரை மணிநேரப் பேருந்துத் தூரத்தில் இருக்கிறது. அகழாய்வுக் குழியை மறுபடி தோண்ட முடியாது; தோண்டுவதே அதை அழிப்பதுதான். கடலூர் மாவட்டத்து ஆவணப்படக்காரர் ஒருவர் அடுத்த பருவத்தில் கேமராவைத் தூக்கும்போது முதலில் கேட்டுக்கொள்ள வேண்டியது, படத்தை எந்த விழாவுக்கு அனுப்பலாம் என்பதல்ல. ஹார்டு டிஸ்கை யாரிடம், எந்தக் குறிப்போடு ஒப்படைக்கப் போகிறேன் என்பது.